மூன்றாம் எதிரி

என் தம்பி மனைவி ராயகிரியிலிருந்து மேலகரத்துக்கு வாழ வந்த வருஷம், வைகாசி முடிவதற்குள்ளேயே சாரல் இறங்கிவிட்டது. நான் அம்மா வீட்டுக்குள் நுழைந்தபோது அவள் தரையில் உட்கார்ந்து தம்பியின் பனியன்களை ஒவ்வொன்றாகத் தேய்ப்புப் பெட்டியால் தேய்த்துக் காயவைத்துக்கொண்டிருந்தாள். அறை முழுக்க ஈரத்துணி சூடாகிற வாசனை.

"மைனி, இங்கன வெயிலே வராதா?" என்று கேட்டாள்.

"ஆவணி வரைக்கும் இப்படித்தான் இருக்கும்."

"அதுக்குள்ள துணியோட சேர்ந்து எனக்கும் பூஞ்சை பிடிச்சிரும் போல."

முகத்தில் சிரிப்பே இல்லாமல் சொன்னாள். நான்தான் சிரித்தேன். அன்றைக்கே எனக்கு அவளைப் பிடித்துப் போனது.

தம்பி ராணுவத்தில் இருந்தான். கல்யாணத்துக்கு எடுத்த லீவு முடிந்ததும் வடக்கே போய்விட்டான். அப்பா அதற்கு முன்பே இறந்துவிட்டார். வீட்டில் அம்மாவும் அவளும் மட்டும். நான் வாழ்க்கைப்பட்டது ஆய்க்குடியில். தென்காசியில் ஒரு ரத்தப் பரிசோதனைக் கூடத்தில் வேலை பார்த்தேன். அவளைவிடப் பத்து வயது மூத்தவள். புதன்கிழமை எனக்கு விடுமுறை. மகளைப் பள்ளிக்கூடத்துக்கு அனுப்பிவிட்டு ஸ்கூட்டரை எடுத்துக்கொண்டு மேலகரம் வந்துவிடுவேன்.

முதல் தடவை அவளை அருவிக்குக் கூட்டிப் போனது நான்தான். கூட்டமில்லாத நாளாக இருக்கட்டும் என்று ஒரு புதன்கிழமை காலையில் பழைய குற்றாலத்துக்குப் போனோம். பெண்கள் பகுதியின் வரிசையில் என் முதுகைப் பிடித்தபடியே வந்தவள், தண்ணீருக்கடியில் போனதும் கையை விட்டுவிட்டாள். நான் வெளியே வந்து கூந்தலைப் பிழிந்து முடித்த பிறகும் அவள் வரவில்லை. காவலுக்கு நின்ற பெண் போலீஸ் விசிலை ஊதி, "ஏம்மா, பச்சைச் சேலை, போதும், நகரு" என்று சத்தம் போட்ட பிறகுதான் வந்தாள். கண்ணெல்லாம் சிவந்திருந்தது.

"யாரோ ரெண்டு கையாலயும் தோளப் பிடிச்சு அமுக்குத மாதிரி இருக்கு மைனி. அம்மா செத்தப்பெறகு என்னை யாரும் அப்படி அமுக்கி விட்டதில்ல."

ஈரத் தலையோடு கடை வாசலில் நின்று மிளகாய் பஜ்ஜி தின்றோம். சட்னியை இலையோடு வழித்தாள். அதற்குப் பிறகு எல்லாப் புதன்கிழமையும் அப்படியே ஆனது. தண்ணீர் வரத்து குறைந்தால் ஐந்தருவி, கூடினால் பழைய குற்றாலம். வெள்ளமென்று கயிறு கட்டிவிட்டால் சும்மா பாலத்தில் நின்று செந்நிறத் தண்ணீரைப் பார்த்துவிட்டு, மங்குஸ்தான் வாங்கித் தின்றுகொண்டே திரும்புவோம். எனக்கு உடன்பிறந்த பெண் கிடையாது. அந்த இரண்டு சாரல் காலத்தில் இருந்ததுபோல நான் வேறெப்போதும் இருந்ததில்லை என்று இன்றைக்கும் தோன்றுகிறது. மகளுக்கு அம்மாவாகவும் வீட்டுக்காரருக்கு மனைவியாகவும் நோயாளிகளுக்கு ஊசி குத்துகிறவளாகவும் இல்லாமல், வெறுமனே நானாக நனைந்துகொண்டிருந்த நாட்கள் அவை.

ஸ்கூட்டர் ஓட்டவும் அவளுக்கு நான்தான் சொல்லிக் கொடுத்தேன். மேலகரத்துக்குப் பின்னால் வயலுக்கு நடுவே போகிற ரோட்டில், நாற்று நட்டிருந்த சமயம். மூன்றாம் நாளே நேரே கொண்டுபோய் வாய்க்காலில் இறக்கினாள். முழங்கால் சேற்றில் நின்றுகொண்டு, "வண்டிதான் மைனி குளிக்கணும்னு சொல்லுது" என்றாள். வீட்டுக்கு வந்து குழாயடியில் வண்டியைக் கழுவிக்கொண்டிருந்தபோதுதான் நான் அதைச் சொன்னேன்.

"ஏட்டி, ஒங்க அப்பாட்டச் சொல்லி ஒரு வண்டி வாங்கிக்கோ. ஆளுக்கொரு வண்டில அருவிக்குப் போயிரலாம்."

அவள் சிரித்தாள். உள்ளே அம்மா அரிசி களைந்துகொண்டிருந்தாள். அம்மா சிரிக்கவில்லை.

அடுத்த மாதமே அம்மா அவளிடம், "வண்டி வாங்கித் தருவாருன்னு சொன்னியே, ஒங்கப்பா என்ன சொல்லுதாரு?" என்று கேட்டிருக்கிறாள். அவள் அப்படிச் சொல்லவே இல்லை. பிறகு தம்பியும் போனில் கேட்க ஆரம்பித்தான். ஸ்கூட்டர் கொஞ்ச நாளில் கார் ஆனது. அப்புறம், ராயகிரியில் அவள் அப்பாவுக்கு இருக்கிற நிலத்தில் பாதியை விற்று மேலகரத்தில் மனை வாங்கிக் கொடுத்தால் என்ன என்று வந்து நின்றது. நான் ஒருநாள் அம்மாவிடம், "ஏம்மா, நா விளையாட்டுக்குச் சொன்னது" என்றேன்.

"நீ விளையாட்டுக்குச் சொன்ன. நா விளையாட்டுக்கா சொல்லுதேன்?" என்றாள் அம்மா. அதற்கு மேல் நான் பேசவில்லை. அம்மாவோடு சண்டை போட்டால் புதன்கிழமைகள் போய்விடும் என்ற பயமும் எனக்கு இருந்தது.

இரண்டாவது சாரலில் தம்பி லீவில் வந்திருந்தான். அந்த வாரமும் நாங்கள் பழைய குற்றாலம் போனோம். வழியில் அவள் துண்டைத் தலையோடு சேர்த்துச் சுற்றியிருந்தாள். சாரலுக்குத்தான் என்று நினைத்தேன். அருவிக்கு முன் அதை அவிழ்த்தபோது காதுக்குக் கீழே தாடை வரைக்கும் நீலம் பாய்ந்திருந்தது.

"என்னட்டி இது?"

"பாசி வழுக்கிட்டு மைனி. வாசப்படில முட்டிட்டேன்."

தினமும் நாற்பது ஐம்பது கைகளைப் பிடித்துப் பார்க்கிறவள் நான். தோலுக்கடியில் ரத்தம் கட்டினால் எதனால் கட்டியது என்று ஓரளவுக்குத் தெரியும். வாசற்படிக்கு நாலு விரல் கிடையாது. அது எனக்கு அந்த நிமிஷமே தெரிந்தது. ஆனாலும் நான் சொன்னது இதுதான்:

"மஞ்சள் வச்சுப் பத்துப் போடு. ரெண்டு நாள்ல வாடிரும்."

அவள் என்னைக் கொஞ்ச நேரம் பார்த்தாள். இன்னும் ஒரு கேள்வி கேட்பேன் என்று காத்திருந்தாள் என்று இப்போது எனக்குத் தெரிகிறது. விசில் ஊதினார்கள், வரிசை நகர்ந்தது, நாங்களும் நகர்ந்தோம். குளித்துவிட்டு வந்து பஜ்ஜி தின்றோம். அவள் ஒரு பக்கமாகவே மென்றாள்.

அடுத்த தைப்பொங்கல் கழிந்து தம்பி திரும்பவும் லீவில் வந்து போன மறுநாள், அவள் ஒரு பையை எடுத்துக்கொண்டு ராயகிரிக்குப் போய்விட்டாள். "போனாப் போறா, எங்க போவா" என்றாள் அம்மா போனில். நான் இரண்டு தடவை அவளைக் கூப்பிட்டேன். எடுக்கவில்லை. மூன்றாவது தடவை நான் கூப்பிடவில்லை.

நாலு மாதம் கழித்து மகளிர் காவல் நிலையத்திலிருந்து அழைத்தார்கள். வரதட்சணை கேட்டது, கணவன் வீட்டார் கொடுமை செய்தது என்று புகார். குற்றம் சாட்டப்பட்டவர்களில் முதல் எதிரி தம்பி, இரண்டாம் எதிரி அம்மா, மூன்றாம் எதிரி நான். என் வீட்டுக்காரர் முதல் தகவல் அறிக்கையின் நகலைக் கொண்டுவந்து மேஜையில் வைத்தார். என்னைப் பற்றி ஒரே வரிதான் இருந்தது. மேற்படி மூன்றாம் எதிரியும் எல்லாம் தெரிந்தே உடந்தையாக இருந்து, வண்டியும் காரும் நிலமும் கேட்கத் தூண்டிவந்தார் என்று.

எனக்கு வந்த கோபத்தை இங்கே குறைத்துச் சொல்ல விரும்பவில்லை. ஒரே சோப்பைத் தேய்த்துக் குளித்தவள் என் பேரைப் போலீஸில் எழுதிக் கொடுத்திருக்கிறாள் என்று நினைத்து நினைத்துச் சாப்பிட முடியாமல் கிடந்தேன். அவள் வாங்கிக் கொடுத்த ஒரு கண்ணாடி வளையல் செட்டை எடுத்து வேலைக்காரம்மாவுக்குக் கொடுத்துவிட்டேன்.

முன்ஜாமீன் கிடைத்தது. ஆனால் பதினைந்து நாள் காலை பத்தரை மணிக்கு ஸ்டேஷனில் கையெழுத்துப் போட வேண்டும் என்பது நிபந்தனை. பரிசோதனைக் கூடத்தின் முதலாளி நல்ல மனிதர்தான். "அண்ணாச்சி, நா வேலைக்கு வரலாமா?" என்று கேட்டபோது சங்கடப்பட்டு, "இது முடியட்டும்மா, பெறகு பாப்போம்" என்றார். ஸ்டேஷனில் கையெழுத்து நோட்டை நீட்டிய போலீஸ்காரப் பெண்ணின் அம்மாவுக்கு மாதாமாதம் சர்க்கரை பார்க்கிறவள் நான். என் முகத்தைப் பார்க்காமலே நோட்டை நகர்த்துவாள், நானும் அவளைப் பார்க்காமலே போடுவேன். வெளியே வந்தால் பஸ் ஸ்டாண்டில் சீசனுக்கு வந்த கூட்டம் துண்டும் எண்ணெய்ப் பாட்டிலுமாக நிற்கும். அந்த வருஷம் தண்ணீர் நன்றாக விழுகிறது என்று எல்லோரும் பேசிக்கொண்டார்கள். நான் போகவில்லை. யாரோடு போவது.

வக்கீல் வயதானவர், நிதானமாகப் பேசுவார். என் மேலுள்ள வழக்கை மட்டும் ரத்து செய்யச் சொல்லி மதுரை ஹைகோர்ட்டில் மனுப் போடலாம் என்றார். "ஒம் மேல என்ன சொல்லியிருக்கு? ஒண்ணுமே சொல்லல. தூண்டினாங்கறாங்க. என்னைக்கு, எங்கன வச்சு, என்ன வார்த்தை சொல்லித் தூண்டின? ஒரு தேதி கெடையாது. கல்யாணமாகி வேற ஊர்ல இருக்கறவ நீ. இந்த மாதிரி வீட்டுல உள்ள எல்லாரையும் சேர்த்துப் போடுத கேஸக் கோர்ட்டு நிக்க விடாது."

அவர் சொன்னபடியே நடந்தது. பத்து மாதம் கழித்து உத்தரவு வந்தது. இங்கிலீஷில் இருந்ததை வக்கீல் விரலை வைத்துத் தமிழில் சொன்னார். பொதுப்படையான குற்றச்சாட்டு, குறிப்பிட்ட செயல் எதுவும் இல்லை, மூன்றாம் எதிரியைப் பொறுத்தவரை வழக்கு ரத்து. அம்மா அல்வா வாங்கி வைத்திருந்தாள். எனக்கு உண்மையிலேயே நெஞ்சு லேசாக இருந்தது. நான் அந்த அல்வாவைத் தின்றேன். திரும்ப வேலைக்கும் போனேன்.

நாலைந்து மாதம் இருக்கும். ஒரு காலை ஏழு மணிக்கு, வெறும் வயிற்றில் ரத்தம் கொடுக்க வந்தவர்களின் வரிசையில் அவள் நின்றிருந்தாள், அவள் அப்பாவின் கையைப் பிடித்தபடி. பெரியவர் மெலிந்துபோயிருந்தார். கூட வேலை பார்க்கிற பெண்ணை அந்த மேஜைக்கு அனுப்பியிருக்கலாம். ஏனோ அனுப்பவில்லை. அவர் கையை நீட்டினார். நான் ரப்பர் குழாயைக் கட்டி நரம்பைத் தேடினேன்.

"மெதுவாக் குத்தும்மா" என்றார். அவ்வளவுதான் பேசினார்.

சாப்பிட்டு இரண்டு மணி நேரம் கழித்து இன்னொரு தடவை ரத்தம் எடுக்க வேண்டும். அப்பாவை இட்லிக் கடையில் உட்கார வைத்துவிட்டு அவள் மட்டும் திரும்பி வந்தாள். நான் வராந்தாவில் ஊசிகளைப் பெட்டியில் போட்டுக்கொண்டிருந்தேன்.

"மைனி" என்றாள்.

அந்தச் சொல்லை நான் எதிர்பார்க்கவில்லை. கையிலிருந்ததை வைத்துவிட்டு, "என்னை எதுக்குட்டி சேர்த்த?" என்றேன்.

"நா ஒங்களச் சேர்க்கல. மனு எழுதுதவர்ட்ட, எங்க மைனிக்கு எல்லாம் தெரியும், அருவியில வச்சு என் கன்னத்தப் பாத்தாங்கன்னு சொன்னேன். சாட்சிக்குன்னுதான் சொன்னேன். அவரு தெரிஞ்சும் உடந்தைன்னு எழுதிட்டாரு. அன்னைக்கு நா வாசிக்கல. கையெழுத்துப் போடுன்னாங்க, போட்டேன்."

"பெறகு தெரிஞ்சிருக்கும்லா?"

"தெரிஞ்சுது."

"அப்பமாவது சொல்லியிருக்கலாம்லா. பதினஞ்சு நாள் போய் கையெழுத்துப் போட்டேன்ட்டி. வேலைய விட்டு நிறுத்திட்டாங்க."

அவள் தரையைப் பார்த்தாள். "சொல்லியிருக்கலாம். எனக்கும் ஒங்க மேல கோவம் இருந்துச்சு மைனி. மஞ்சப் பத்துப் போடுன்னு சொன்னீங்க."

நான் அங்கிருந்த பெஞ்சில் உட்கார்ந்துவிட்டேன். அவளும் கொஞ்சம் தள்ளி உட்கார்ந்தாள். ரோட்டில் பால் வண்டி ஒன்று போனது. இரண்டு பேரும் அதையே பார்த்துக்கொண்டிருந்தோம்.

"வண்டி வாங்கிக்கோன்னு மொதல்ல சொன்னதே நாந்தான்" என்றேன்.

"அத நா தப்பா எடுக்கல. ஒங்களுக்கு என்கூட வரணும்னு ஆசை. எனக்கும் அதுதான ஆசை."

எழுந்து போகும்போது இன்னொன்றும் சொன்னாள். "ஒங்க பேர எடுத்துட்டாங்கன்னு கேள்விப்பட்டேன். நல்லதுதான். ஆனா அந்த ஆர்டரக் காட்டித்தான் மத்த கேஸையும் தள்ளச் சொல்லிக் கேக்கப் போறாங்களாம். எங்க வக்கீல் சொன்னாரு. நா சொன்னது பூராவும் பொய்யின்னு ஆயிரும் மைனி."

அன்று மத்தியானம் வீட்டுக்கு வந்து உத்தரவை எடுத்து மறுபடியும் பார்த்தேன். அதில் தப்பாக ஒரு எழுத்தும் இல்லை. புகாரில் என்னைப் பற்றி இருந்த அந்த ஒரு வரியை வைத்து யாரையும் கூண்டில் நிறுத்த முடியாது. கோர்ட்டு தன் முன்னால் வைக்கப்பட்ட காகிதத்தைப் பார்த்துச் சரியாகத்தான் சொல்லியிருந்தது. அந்தக் காகிதத்தில் இல்லாதது எனக்கு மட்டும்தான் தெரியும். வீட்டுக்காரரிடம் முதல் தடவையாக அந்த நாலு விரல் தடத்தைப் பற்றிச் சொன்னேன். அவர் கேட்டு முடித்துவிட்டு, "இத்தனை நாளா இத வச்சுக்கிட்டா தூங்குன?" என்றார். "தூங்கினேன்" என்றேன். அதுதான் உண்மை.

புரட்டாசியில் தம்பி வந்தான். மத்தியானச் சாப்பாடு முடிந்து அம்மாவும் இருக்கும்போதே பேச்சை எடுத்தேன்.

"நீ அவள அடிச்சதப் பாத்தவ நா. கோர்ட்டுல என்னைக் கூப்பிட்டா பாத்தத அப்படியே சொல்லுவேன்."

"நீ எப்ப பாத்த? நீ இருக்கும்போது நா கை வச்சேனா?" என்றான்.

"கை வச்ச இடத்தப் பாத்தேன்."

"அக்கா, எனக்கு வேலை போயிரும்."

"அவளோடத அவட்டக் குடு. அவ கேக்குத விவாகரத்தையும் குடு. பெறகு அவ என்ன சொல்லுதான்னு பாப்போம்."

அம்மா எழுந்து நின்றாள். "ஒன்னிய எதிரியில இருந்து எடுக்க நாங்க அலைஞ்சது இதுக்குத்தானா?" என்று கேட்டாள். என் தட்டைக் கழுவாமல் ஒதுக்கி வைத்தாள். அன்றிலிருந்து ஒன்றேகால் வருஷம் அம்மா என்னிடம் பேசவில்லை. தம்பி இன்றைக்கும் கேட்ட கேள்விக்குப் பதில் என்ற அளவில்தான் பேசுகிறான். அவனை நான் குறை சொல்லவில்லை. இடுப்பில் தூக்கிச் சுமந்து வளர்த்த பிள்ளை. அவன் அடிக்கிறவனாக ஆனதற்கு எங்கள் வீட்டில் யாரும் அவனை ஒரு வார்த்தை கேட்காததும் ஒரு காரணம். கேட்காதவர்களில் நானும் ஒருத்தி.

இரண்டு பக்கத்து வக்கீல்களும் பேசி முடிக்க ஆறு மாதம் ஆனது. அவளுடைய நகைகளும் பாத்திரங்களும் திரும்பப் போயின. தென்காசியில் இரண்டு பேரும் ஒத்துக்கொண்டு விவாகரத்து ஆனது. கடைசியில், சமரசமாகிவிட்டதால் மிச்ச வழக்கையும் ரத்து செய்யலாம் என்று அவள் மதுரைக்கு நேரில் வந்து சொல்ல வேண்டியிருந்தது. அவள் அப்பா அப்போது படுக்கையில் இருந்தார். "தனியாப் போக ஒரு மாதிரியா இருக்கு மைனி" என்று போன் செய்தாள். நான் லீவு எடுத்துக்கொண்டு போனேன். தென்காசியில் நான் ஏறின பஸ்ஸில் அவள் சிவகிரியில் ஏறினாள். பக்கத்துச் சீட்டைப் பிடித்து வைத்திருந்தேன். ராஜபாளையம் தாண்டியது. அப்புறம் அவள் தக்காளிச் சாதப் பொட்டலத்தைப் பிரித்து என் மடியில் வைத்தாள். பழைய மாதிரியே, எனக்கு ஊறுகாய் பிடிக்காதென்று அதை மட்டும் தன் பக்கம் ஒதுக்கிக்கொண்டாள். ஜன்னல் பக்கம் திரும்பிக் கொஞ்ச நேரம் அழுதேன். அவள் அதைப் பார்த்தமாதிரி காட்டிக்கொள்ளவில்லை.

கோர்ட்டில் இரண்டு நிமிஷம்தான். நீதிபதி அவளைப் பார்த்து, யாராவது கட்டாயப்படுத்தினார்களா என்று கேட்டார். "இல்லங்கய்யா, நானாத்தான் ஒத்துக்கிட்டேன்" என்றாள். எதிர்ப்பக்கம் தம்பி கையைக் கட்டிக்கொண்டு நின்றான். அவன் எங்கள் இரண்டு பேரையும் பார்க்கவில்லை. வெளியே வந்து தூண் ஓரமாக நின்று அவள் தண்ணீர் குடித்தாள்.

"இம்புட்டுத்தானா மைனி?"

"இம்புட்டுத்தான்."

"நா சொன்னது பொய்யின்னு எங்கயும் எழுதலல்லா?"

வக்கீலிடம் போய்க் கேட்டுவிட்டு வந்தேன். "எழுதல. சமரசம்னுதான் இருக்கு" என்றேன். தலையை ஆட்டிக்கொண்டாள். முகத்தில் சந்தோஷமும் இல்லை, வருத்தமும் இல்லை. நெடுநேரம் நின்றவளுக்கு உட்கார இடம் கிடைத்ததுபோல இருந்தாள்.

அவள் இப்போது சங்கரன்கோவில் பக்கம் ஒரு பள்ளிக்கூட விடுதியில் பெண் பிள்ளைகளைப் பார்த்துக்கொள்கிற வேலையில் இருக்கிறாள். நிலம் விற்கப்படாமல் அப்படியே இருக்கிறது. குத்தகைக்கு விட்டிருக்கிறாள். பொங்கலுக்கும் தீபாவளிக்கும் போன் செய்வாள். சேர்ந்து எங்கேயாவது போகலாம் என்று இரண்டு பேருமே சொல்லிக்கொள்வோம். போனதில்லை.

அன்றைக்குப் பள்ளிக்கூடம் போய்க்கொண்டிருந்த என் மகளுக்கும் கல்யாணமாகி, சென்ற வருஷம் மலேசியாவில் வேலை கிடைத்தது. அவள் பிரசவத்துக்குப் போக வேண்டும் என்று நானும் பாஸ்போர்ட்டுக்கு விண்ணப்பித்தேன். விசாரிக்க வீட்டுக்கு வந்த போலீஸ்காரர் சின்ன வயதுக்காரர். ஏதாவது வழக்கு உண்டா என்று கேட்டார். மறைக்காமல் உத்தரவின் நகலை எடுத்துக் கொடுத்தேன். நின்றபடியே வாசித்தார்.

"ரத்தாயிட்டுலா. பொய்க் கேஸாக்கா?" என்றார், ஆறுதல் சொல்கிற மாதிரி.

"இல்ல தம்பி. கேஸ் உண்மை. என் பேருதான் எதிரிப் பட்டியல்ல இருந்திருக்கக் கூடாது. சாட்சிப் பட்டியல்ல இருந்திருக்கணும்."

அவர் என்னை ஒரு தடவை நிமிர்ந்து பார்த்தார். அதை எழுதிக்கொள்ள அவரிடமிருந்த படிவத்தில் இடம் இல்லை. நிலுவையில் வழக்கு இல்லை என்ற கட்டத்தில் டிக் போட்டுவிட்டு, கையெழுத்துக்காகப் பேனாவை என்னிடம் நீட்டினார்.